இருநூற்றுப் பன்னிரண்டாவது அடிக்குறிப்பு

“எழுபத்துநாலு டிசம்பர் இருபத்துநாலாம் தேதி சாயங்காலம் உங்க வீட்டுக்காரர் புதுச்சேரி ஓட்டல்ல இருந்தாரா, இல்லையா? அதை மட்டும் சொல்லுங்க.”

“இருந்தாருங்க” என்றாள் சலேத்மேரி. “கூட மூணு பேரு. ஓட்டல்காரங்க குடுத்த சீட்டுகூட பொட்டியில கெடக்குது.”

ஓய்வுபெற்ற பேராசிரியர் தாண்டவராயன், திருடனைப் பிடித்துவிட்ட இன்ஸ்பெக்டரைப் போல நிமிர்ந்தார். விழுப்புரத்திலிருந்து திண்டிவனத்துக்கு இது அவருடைய பதினோராவது நடை.

மூன்று வருஷம் முன்பு, அந்த ஓட்டல் சுவரில் ஒரு பழைய புகைப்படத்தைப் பார்த்தார். பியானோவின் மேல் கை வைத்தபடி ஒருவர். தோளில் தடிமனாக மடித்த துண்டு, முகத்தில் தீராத சோகம். கீழே ‘சவுரிராயன், திண்டிவனம்’ என்று எழுதியிருந்தது. ப்ளூஸ் என்பது அமெரிக்கக் கறுப்பின மக்களின் சோக இசை என்று பேராசிரியர் எங்கோ படித்திருந்தார். ஆறே வாரத்தில் ‘தென்னாற்காட்டின் ப்ளூஸ் பியானோ மேதை’ வெளிவந்துவிட்டது.

சென்னை விமர்சகர் ஒருவர் இரண்டே வரி எழுதினார்: ‘இது வரலாறா, வாழ்த்துமடலா? ஒரு தகவலுக்காவது ஆதாரம் உண்டா?’ அன்று போன தூக்கம் பேராசிரியருக்கு இன்னும் திரும்பவில்லை.

ஆகவே, திருத்திய பதிப்பு. பிறந்த வருஷம் ஞானஸ்நானப் பதிவேட்டைப் பார்த்துச் சரிசெய்யப்பட்டது. ஏற்காடு பள்ளிக்கூடம், சென்னை கிளப் என்று மனிதர் போன இடமெல்லாம் தேதிவாரியாக உறுதியானது. இருநூற்றுப் பதினோரு அடிக்குறிப்புகள். கடைசிப் பக்கம் தவிர மற்றதெல்லாம் அச்சாகி, ஞாயிற்றுக்கிழமை வெளியீட்டுக்கு விழுப்புரத்தில் பேனரும் கட்டியாயிற்று. முன்வரிசையில் அந்த விமர்சகருக்கு ஒரு நாற்காலி.

சலேத்மேரி சீட்டைக் கொண்டுவந்தாள். ‘பியானோ ஒன்று. சவுரிராயன் உள்பட நாலு பேர். மேல்மாடி.’

‘நால்வர் இசைக்குழு, மாடி அரங்கம்’ என்று எழுதி, 212 என்று எண் போட்டார் பேராசிரியர்.

“ஐயா, நான் ஒண்ணு சொல்லலாங்களா?”

“கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லுங்கம்மா. இது ஆராய்ச்சி. பேச்சுவாக்குல வர்றதையெல்லாம் ஏத்துக்க முடியாது.”

“சரிங்க.” பதினோரு நடையாக இதே பதில்தான் அவளுக்குக் கிடைத்துக்கொண்டிருந்தது. எழுதப் படிக்கத் தெரியாதவள். முதல் பதிப்பை அவர் கொடுத்தபோது, அட்டையிலிருந்த கணவர் படத்தை மட்டும் கத்தரித்துச் சட்டம் போட்டு மாட்டிக்கொண்டாள்.

“கடைசி காலத்துல உடம்பு எப்பிடி இருந்தது?”

“தோள்பட்டை ரெண்டும் எறங்கிப்போச்சுங்க. ரொம்ப பேஜாரு பட்டாரு.”

‘ஓயாத சாதகம்’ என்று குறித்துக்கொண்டார்.

அச்சகத்திலிருந்து போன் வந்தது. “பத்து நிமிஷம், அனுப்பிடறேன்” என்று வைத்தார். ஆதாரமெல்லாம் ஆயிற்று. கடைசி வரி மட்டும் வாசகர் மனதைத் தொட வேண்டும். பேராசிரியர் முதல்முறையாகப் பேனாவை மூடிவிட்டு, குரலைத் தாழ்த்தினார்.

“போகட்டும், இது ஆராய்ச்சிக்கு இல்ல. அவரு வாசிச்சதுலயே உங்களுக்கு ரொம்பப் புடிச்ச பாட்டு எதும்மா?”

சலேத்மேரி சுவரில் இருந்த படத்தைப் பார்த்தாள். பிறகு பேராசிரியரைப் பார்த்தாள்.

“மாடிக்குத் தூக்கிக்கினு போயி எறக்குனா இவரு வேலை முடிஞ்சுதுங்க, வாசிக்கிறவரு கார்ல வருவாரு.”