பையனுக்குச் சூடு ஆகாது

சூறைக்காற்றில் மின்கம்பி அறுந்து, தெருவுக்கே கரண்ட் இல்லை. லைன்மேன் செங்கோடனிடம் அக்சிலியா ஓடிவந்தாள்.

"அண்ணா, சீக்கிரம் கரண்ட் குடுங்க. பையனுக்குச் சூடு ஆகாதுங்க."

"சாயந்தரம் வந்துரும். அதுவரைக்கும் விசிறி வீசுங்கம்மா."

"விசிறி பத்தாதுங்க. அவங்கப்பா வடக்க இருந்து லாரியில வந்துட்டிருக்காரு. அவரு வந்து பாக்கற வரைக்கும் பையன் தாங்கோணுங்க."

கடுங்காய்ச்சல் போலிருக்கிறது என்று பதறிய செங்கோடன், பாதிச் சாப்பாட்டில் எழுந்துபோய்க் கம்பத்தில் ஏறினார். கரண்ட் வந்ததும், பையனை ஒரு பார்வை பார்த்துவிட்டுப் போகலாமென்று அவள் வீட்டுக்குப் போனார்.

வாசலில் பந்தல் போட்டிருந்தார்கள். அதன் கீழே பிரீசர் பெட்டிக்குள், பள்ளிச் சீருடையோடு ஜெர்ரி படுத்திருந்தான்.

அக்சிலியா கண்ணாடிமேல் கையை வைத்துக் குளிர் ஏறுகிறதா என்று தடவிப் பார்த்தாள்.

"அப்பா வர்ற வரைக்கும் இப்படியே இரு சாமி" என்றாள்.