பொன்வண்டுக் கோப்பை

ஓர் அலமாரியில் ஒரு பீங்கான் கோப்பையும் அதன் சாசரும் குடியிருந்தன. தன் வயிற்றில் தீட்டியிருந்த பொன்வண்டின் மேல் கோப்பைக்கு அப்படி ஒரு பெருமை.

"கூடப் பிறந்த அஞ்சு பேருக்கும் வெறும் ரோஜாதான். எனக்கு மட்டும் வண்டு. வரைஞ்ச அம்மாவுக்கு என் மேல தனிப் பிரியம்" என்று நாள் தவறாமல் சொல்லும்.

சாசருக்கு விஷயம் தெரியும். சூளையிலிருந்து வரும்போதே கோப்பையின் வயிற்றில் ஒரு கரும்புள்ளி விழுந்திருந்தது. கழித்துப் போட மனசு வராமல் அந்த அம்மாள் புள்ளியின் மேலேயே வண்டை வரைந்து, மறுபடியும் சுட்டெடுத்தாள். சாசர் இதைப் பற்றி வாயே திறந்ததில்லை. "ஆமா, பிரியம்தான்" என்பதோடு நிறுத்திக்கொள்ளும்.

வருஷக்கணக்காகத் தேய்த்துக் கழுவியதில் வண்டின் கால்கள் போயின. பிறகு சிறகு போனது. ஒருநாள் காலையில் புள்ளி மட்டும் கறுப்பாக மிச்சமிருந்தது. சாசருக்குப் பகீரென்றது.

எதிரிலிருந்த எவர்சில்வர் கூஜாவில் கோப்பை வெகுநேரம் தன்னையே பார்த்துக்கொண்டிருந்தது.

"வண்டு பறந்துடுச்சு" என்றது கடைசியில். "ஆனா பாரேன், முட்டை வச்சிட்டுப் போயிருக்கு."

சாசருக்கு உயிர் வந்தது. "அப்ப பத்திரமாப் பாத்துக்க."

"முட்டைக்குச் சூடு வேணுமே. டீ ஆறாம இருக்கணும்."

அன்றிலிருந்து யாராவது டீயை ஆறவிட்டுப் பேசிக்கொண்டிருந்தால் சாசருக்குத்தான் முதலில் கோபம் வந்தது. ஒருநாள் ஆவி பறக்கப் பறக்க டீயை ஊற்றினார்கள். சாசர் புள்ளியையே உற்றுப் பார்த்துவிட்டு மெதுவாகக் கேட்டது:

"லேசா அசைஞ்ச மாதிரி இல்ல?"