எட்டுக் கைப் பெண்

ஊர்ப் பெரியதனக்காரர் தண்டாயுதபாணி படம் பார்க்கும் முன்பே தீர்ப்புச் சொல்லிவிட்டார். நெசவாளர் வீட்டு மருமகள் திரையில் கோரமாய் வந்தால் திரையைக் கிழிப்பது. அந்த வீட்டையும் ஊரை விட்டுத் தள்ளிவைப்பது. ஆட்களோடும் தடிகளோடும் ராசிபுரம் டெண்ட் கொட்டகையில் வந்து உட்கார்ந்தார்.

யுத்தத்துக்கு முந்தின வருஷம்.

அந்த மருமகள் சௌந்திரம், பெண்கள் பக்கம் கடைசியில் முக்காட்டுக்குள் ஒடுங்கியிருந்தாள். மாமியார் கந்தம்மாள் முன்னால். மருமகள் சேலத்துப் பட ஸ்டுடியோவுக்கு நடிக்கப் போன நாளிலிருந்து அவளோடு பேச்சு கிடையாது. அவமானத்தை நேரில் பார்க்க வந்திருக்கிறாள் என்றார்கள்.

பெரிய படத்துக்கு முன்னால் போடும் துண்டுப் படம் அது. எடுத்தவர் பாலசுந்தரம், கல்கத்தாவில் தொழில் கற்றவர். சிரிப்புப் படம் என்றார்.

பெண் பார்க்க வருகிறார்கள். சமைப்பாளா என்கிறார்கள். பெண்ணுக்கு அகப்பையோடு ஒரு கை முளைக்கிறது. பெருக்குவாளா? விளக்குமாறோடு இன்னொரு கை. ராட்டை சுற்றுவாளா, மாடு கறப்பாளா? கேட்கக் கேட்கக் கை, மொத்தம் எட்டு. கடைசியில், பாடுவாளா என்கிறார்கள்.

வாயைத் திறக்கிறாள். நாக்கு சேலைத் தலைப்பு மாதிரி இறங்கி, நீண்டு, மாப்பிள்ளையை உட்கார்ந்த பலகையோடு சுருட்டி உள்ளே இழுக்கிறது. பிறகு மாமனார். பிறகு வெற்றிலைத் தட்டு.

தண்டாயுதபாணி எழுந்தார். தடிகளும் எழுந்தன.

"ஆத்தா வந்துட்டாடி" என்று ஒரு குரல். கந்தம்மாள்தான். மடியிலிருந்து கற்பூரத்தை எடுத்துத் திரைக்கு முன்னால் கொளுத்திவிட்டாள். திரையில் சாமி வந்தால் அப்போதெல்லாம் அதுதான் வழக்கம்.

பெண்கள் பக்கம் குலவை கிளம்பியது. யாருக்கோ அருள் வந்தது. ஆண்கள் துண்டை இடுப்பில் கட்டினார்கள். தண்டாயுதபாணி மண்ணில் நெடுஞ்சாண்கிடையாய் விழுந்தார். திரையில் ஆத்தா மாட்டுவண்டியை விழுங்கிக்கொண்டிருந்தாள்.

இது சிரிப்புப் படமய்யா என்று பாலசுந்தரம் கத்த, கொட்டகைக்காரர் அவர் வாயைப் பொத்தினார். நாளைக்கும் இதையே போடச் சொல்லித் தண்டாயுதபாணியே உத்தரவு போட்டார்.

வீட்டுக்குப் போகும் வழியில் சௌந்திரத்துக்கு மனசு கேட்கவில்லை.

"அத்தை, சொல்லிப்போடறனுங்க. அது ஆத்தா இல்லீங்க, நாந்தானுங்க."

கந்தம்மாள் சிரிப்பை அடக்கப் பார்த்தாள். முடியவில்லை.

"உம்பட முழி எனக்குத் தெரியாதா? கையெடுத்துக் கும்பிடோணும்னா அவனுக தடியைக் கீழ போட்டுத்தானே ஆவோணும்."