தேவாங்கு ஏறிய வீடு

அது ஆனியா ஆடியா என்று மாசிலாமணிக்கு இப்போது சரியாக நினைவில்லை. விளக்கு வைக்கும் நேரத்தில் மாட்டுக்கொட்டகை விட்டத்தில் தேவாங்கு உட்கார்ந்திருந்தது மட்டும் நினைவிருக்கிறது. தேவாங்கு ஏறிய வீடு தங்காது என்று அவர் ஊர்ப் பக்கத்தில் முன்பு பயந்தார்கள். இப்போது அது சட்டமாகவே ஆகிவிட்டது. தெருக் கம்பத்திலிருக்கும் கருவி அதன் குரலைக் கேட்டுவிட்டால் அந்த இடம் காடு. மனிதர்கள் வெளியேற வேண்டும்.

"கத்தறதுக்குள்ள வெரட்டி விடுங்க" என்று மனைவி அன்னக்கொடி கம்பை நீட்டினாள்.

அவர் ஓங்கினார். அதன் வயிற்றில் குட்டியொன்று ஒட்டிக்கொண்டிருந்தது. கம்பு தானாகத் தாழ்ந்தது.

"என்ன, நின்னுட்டீங்க?"

"உன்ன மாதிரியே முழிக்குதுடி. எப்படி அடிக்கிறது?"

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அதற்குள் அது ஒருமுறை கீச்சென்று கத்தியது.

இருவரும் தெருக் கம்பத்தைத் திரும்பிப் பார்த்தார்கள்.

மாடுகளை விற்றுவிட்டு அவர்கள் இப்போது கரூரில் ஒரு மூன்றாவது மாடியில் இருக்கிறார்கள். சாணத்தில் மொய்க்கும் பூச்சிகளுக்காகத்தான் தேவாங்கு வந்திருக்கிறது. மாடு போனதும் பூச்சியும் போயிற்று. அது குட்டியோடு அடுத்த ஊர்க் கொட்டகைக்குப் போனது. அந்த ஊரும் இப்போது காடு.