மகளுக்கு ஒரு குரல்

சினிமா வசனத்தை வாய்விட்டுப் பேசிப் பார்த்துத்தான் எழுதுவேன். வில்லன், மாமியார், போலீஸ் எல்லாம் நானே. மகள் பாத்திரத்துக்கு ஒரு கீச்சுக்குரல் போடுவேன். பிள்ளையில்லாத வீட்டில் மனைவி அதைக் கேட்டுச் சிரிப்பாள்.

போன வாரம் தயாரிப்பாளர், "குழந்தை எதுக்குய்யா? தூக்கிடு" என்றார். தூக்கிவிட்டேன்.

இன்று பகல் முழுக்க அவர் அலுவலகத்தில் தவம் கிடந்துவிட்டு வீடு திரும்பினேன்.

"அந்தப் பொண்ணு இன்னைக்குப் பூரா உங்க ரூம்ல பேசிக்கிட்டே இருந்தா" என்றாள் மனைவி.

"அவளைத்தான் கதையிலேர்ந்து தூக்கியாச்சே."

"அவளும் அதான் சொன்னா. 'இனிமே நான் எங்கேம்மா இருக்கறது?'ன்னு கேட்டா."

"நீ என்ன சொன்ன?"

"இங்கயே இருன்னுட்டேன்."

மூன்றாவது தட்டை வைத்துவிட்டு என் அறைப் பக்கம் திரும்பினாள். "அப்பா வந்தாச்சு, சாப்பிட வாடி."

"வர்றேம்மா" என்றது, உள்ளிருந்து என் கீச்சுக்குரல்.