மேலாளர் வீட்டுத் தொட்டில்

ஐம்பத்திரண்டு வயது மேலாளர் வீட்டில் தொட்டில் ஆடுகிறது என்று கேள்விப்பட்டதும், மொத்த அலுவலகமும் பரிசுப் பொட்டலத்தோடு வந்து இறங்கிவிட்டது.

"இந்த வயசுல அசத்திட்டீங்க சார்!" என்றார் காசாளர்.

மேலாளர் சாயம் பூசிய மீசையைத் தடவிக்கொண்டார். "வயசு என்னய்யா பெரிய வயசு? மனசுல தெம்பு இருந்தாப் போதும்."

"அப்பா ஆகுறதுக்கும் ஒரு பக்குவம் வேணுமே சார். இந்தக் காலத்துப் பசங்களுக்கு அதெல்லாம் எங்க இருக்கு?"

"அதைச் சொல்லுங்க!" என்று மேலாளர் கொஞ்சம் வேகமாகவே தலையாட்டினார்.

அப்போது அவருடைய பதினெட்டு வயது மகன், குழந்தையைத் தோளில் போட்டு முதுகைத் தட்டிக்கொண்டே அறையிலிருந்து வெளியே வந்தான்.

"அடடா, தங்கச்சி மேல எவ்வளவு பாசம்!" என்று உருகினார் அலுவலகத் தட்டச்சுப் பெண்மணி.

"தங்கச்சி இல்லீங்க, என் பொண்ணு. இவ அம்மா உள்ள பரீட்சைக்குப் படிச்சுக்கிட்டிருக்கா."

காசாளர் கையிலிருந்த பிஸ்கட் காப்பிக்குள் விழுந்தது.

"மானத்தைக் கப்பல் ஏத்திட்டியேடா!" மேலாளர் பல்லைக் கடித்தார். "இவங்க போற வரைக்கும் வாயைத் திறக்காதேன்னு சொன்னேன்ல?"

"சொன்னீங்கப்பா. ஆனா இன்னிக்கு நான் வாயை மூடிக்கிட்டா, நாளைக்கு இவ என்னை அண்ணான்னு கூப்பிடுவா. அதை என்னால தாங்க முடியாது."

மேலாளர் மகனைப் பார்த்தார், அவன் தோளில் கண் அயர்ந்துவிட்ட பேத்தியைப் பார்த்தார். பிறகு எழுந்து வந்து இரண்டு கைகளையும் நீட்டிக் குழந்தையை வாங்கிக்கொண்டார்.

"சரி, என்னைத் தாத்தான்னே கூப்பிடட்டும்," என்றார். "ஆபீஸ் ஆளுங்க இருக்கிறப்போ மட்டும் கொஞ்சம் மெதுவாக் கூப்பிடச் சொல்லு."