மாமியார் அளவு

“செத்துப்போன மாமியாரோடயும் சண்டையா, வெர்னா?” என்று துப்பாக்கி ரிப்பேர் செய்யும் டுவெய்ன் ஒருமுறை கேட்டார்.

வெர்னா குள்ளம். மாமியார் விட்டுப்போன துப்பாக்கியில், தோளில் அணைக்கும் பின்கட்டையை நீட்டிக் குறுக்கலாம். ராத்திரி அதைத் தன் கைக்கு ஏற்றபடி குறுக்கி வைப்பாள். காலையில் அது நெட்டை மாமியாரின் அளவுக்கு நீண்டிருக்கும். போன வருஷம் அது தோளில் பொருந்தாமல் மானுக்கு வைத்த குறி தப்பி, குளிர்காலம் முழுக்க வீட்டில் கறி இல்லாமல் வெறும் பீன்ஸ்தான். நாளை மறுபடியும் மான் வேட்டை தொடங்குகிறது.

டுவெய்ன் வீட்டுக்கே வந்து புதுக் கட்டையை மாட்டினார். அதைக் குறுக்கி, திருகாணி போட்டு இறுக்கினார்.

“இனி உன் மாமியாரே வந்து இழுத்தாலும் அசையாதும்மா.”

அவர் காபியை வாயில் வைக்கும்போது, மேசைமேல் கட்டை டக், டக் என்று நீண்டது. திருகாணி உருண்டு கீழே விழுந்தது.

“அப்போ நாளைக்கு மானை நீங்களே சுட்டுக் கொண்டாங்க அத்தே!” என்று கத்தினாள் வெர்னா.

டுவெய்ன் கருவிப்பெட்டியைக்கூட எடுக்காமல் வெளியேறினார்.